பகல் பன்னிரண்டு பத்துக்கு வந்தவள்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இதில் நான் கைச்சரக்காகச் சேர்த்தது எதுவும் இல்லை. பெந்தா இன்னும் உயிரோடுதான் இருக்கிறாள். செனகல் தலைநகர் தாக்காரில் மெதினா பேட்டைப் பக்கம் வந்து, நெம் பொரிக்கிற பெந்தா வீடு எது என்று கேட்டால் யாரும் கை காட்டுவார்கள். அரிசித் தாளில் இறைச்சியும் சேமியாவும் வைத்துச் சுருட்டி எண்ணெயில் போட்டு எடுப்பாள். நாலு வாங்கிச் சாப்பிட்டுவிட்டு நல்ல மாதிரியாகக் கேளுங்கள். இஷ்டமிருந்தால் சொல்வாள். இல்லையென்றால் கரண்டியோடு எழுந்து வருவாள். அதற்கு நான் பொறுப்பில்லை.

நடந்ததில் பாதியை என் கண்ணால் பார்த்தேன். மீதியை அவள் வாயால் கேட்டேன். பேய், பிசாசு என்று யாராவது ஆரம்பித்தால் சிரித்துவிட்டு எழுந்து போகிற ரகம் நான். அந்த ஒரு நாள் மட்டும் எனக்குச் சிரிப்பு வரவில்லை. இன்றுவரை வரவில்லை.

பெந்தாவும் நானும் ஒரே மாதிரிப் பிறவிகள். எங்கள் அப்பாக்கள் செனகல்காரர்கள். பிரெஞ்சுக்காரன் கொடுத்த சீருடையை மாட்டிக்கொண்டு, அவனுக்காக வியட்நாமில் சண்டை போடப் போனவர்கள். அங்கே கல்யாணமோ, கல்யாணம் மாதிரி ஏதோ ஒன்றோ செய்து எங்களைப் பெற்றார்கள். சண்டையில் தோற்றதும் பெட்டியோடு பெட்டியாக எங்களையும் கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்தார்கள். அங்கே எங்களைக் கறுப்பி என்றார்கள். இங்கே சீனாக்காரி என்றார்கள். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் கண்ணை இழுத்துக் காட்டிக் கேலி செய்வார்கள். நான் அழுவேன். பெந்தா அழ மாட்டாள், கடித்துவிடுவாள்.

எனக்கும் அவளுக்கும் ஒரே ஒரு வித்தியாசம். என் அம்மா லியன் எங்களோடு கப்பலேறினாள். பெந்தாவின் அம்மா ஏறவில்லை.

அவள் பெயர் தோம். ஹைபோங் துறைமுகத்தில் மீன் கூடை சுமந்தவள். கப்பல் கிளம்பியது 1955-ல். பெந்தாவுக்கு அப்போது ஐந்து வயது. அவள் அப்பா சார்ஜன்ட் லத்தீர் அவளிடம் சொன்னது இவ்வளவுதான். கப்பல் கிளம்பிய அன்று அம்மா காலராவில் செத்துப்போனாள். அடக்கம் முடிந்துவிட்டது. இனி அதைப் பற்றிக் கேட்காதே.

ஒரு புகைப்படம் கிடையாது. அம்மா எப்போதும் முதுகில் கட்டிச் சுமந்ததால் பெந்தாவுக்கு ஞாபகமிருந்தது அவளுடைய பிடரி மட்டும்தான். வியர்த்த பிடரி, மேலே ஒரு கொண்டை. முகம் வரவே வராது. எத்தனையோ நாள் கண்ணாடி முன்னால் நின்று, தன் முகத்திலிருந்து அப்பாவின் மூக்கை எடுத்துவிட்டு, உதட்டை எடுத்துவிட்டு, மிச்சம் என்ன என்று பார்ப்பாள். "ஒரே ஒரு தடவை அந்த முகத்தைப் பாத்துடணும், ஓதீல்," என்பாள் என்னிடம். "அதுக்கப்புறம் எனக்கு எதுவும் வேணாம்." சின்ன வயதில் சொன்னாள். கல்யாணமாகிப் பிள்ளை பெற்ற பிறகும் அதையே சொன்னாள்.

லத்தீர் இருந்தவரை அந்த வீட்டில் தோம் என்ற பெயரையே எடுக்கக் கூடாது. என் அம்மா வருடா வருடம் தன் தாய் தகப்பனுக்குப் படையல் போடுவாள். அதைப் பார்த்து, பத்து வயதில் ஒருமுறை, பெந்தாவும் ஒரு கிண்ணம் சோறு எடுத்து மூலையில் வைத்தாள். சார்ஜன்ட் அதைக் காலால் எற்றிவிட்டார். பிள்ளைகளிடம் சத்தம் போட்டுக்கூடப் பேசாத மனிதர். அன்றைக்கு எற்றிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் வீட்டைவிட்டு வெளியே போனார். ஐந்து வேளை தொழுகிறவர், இதெல்லாம் அவருக்குப் பிடிக்காது என்று நாங்களாக நினைத்துக்கொண்டோம். 1968-ல் அவர் செத்தார். அடுத்த வருடமே பெந்தா அம்மாவுக்குப் படையல் வைத்தாள்.

வைக்கிற முறையைக் கற்றுக்கொடுத்தது என் அம்மாதான். செத்த நாளை நிலாக் கணக்கில் பார்க்க வேண்டும். கப்பல் கிளம்பிய நாள் எங்கள் எல்லாருக்கும் மனப்பாடம். வியட்நாம்காரர்கள் கணக்கில் இரண்டாம் மாதம், தேய்பிறை நாலாம் நாள். ஒரு கிண்ணம் சோறு, அவித்த முட்டை, பொரித்த மீன், புளித்த மீன் நீர், சாப்பிட ஒரு ஜோடிக் குச்சி, உட்கார ஒரு முக்காலி. ஊதுவத்தியைக் கொளுத்திப் பெயரைச் சொல்லி ஒரே ஒரு தடவை கூப்பிட வேண்டும். பிறகு திரையை இழுத்துவிட்டு வெளியே வந்துவிட வேண்டும்.

"அவங்க சாப்பிடறப்ப பேசக் கூடாது," என்றாள் அம்மா. "பேசினா எழுந்து போயிடுவாங்க. அதைவிட முக்கியம், அவங்க எதையாவது எடுத்து நீட்டினா வாங்கிடாதே. வாயில பட்டாலே போதும், அவங்களோட நீயும் கிளம்ப வேண்டியதுதான்."

நேரம்தான் வேடிக்கை. அந்த ஊரில் பொழுது சாய்ந்துதான் படைப்பார்கள். அங்கே பொழுது சாயும்போது இங்கே நடுப்பகல். செத்தவர்கள் தங்கள் ஊர் நேரப்படிதான் வருவார்கள் என்பது என் அம்மாவின் கட்சி. தாக்காருக்காக அவர்கள் கடிகாரத்தைத் திருப்பி வைப்பார்களா என்ன? அதனால் பகல் பன்னிரண்டு மணி. பெந்தாவுக்கும் அது தோதாகப் போயிற்று. புருஷன் மோமார் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன், அந்த நேரத்தில் வீட்டில் இருக்க மாட்டான். மாமியார் வீட்டுப் பக்கத்துக்கு விஷயம் தெரிந்தால் ஊரைக் கூட்டிவிடுவார்கள்.

முதல் வருடம். ஊதுவத்தி எரிந்து முடிந்ததும் பெந்தா உள்ளே போனாள். சோற்றின் நடுவில் ஒரு குழி விழுந்திருந்தது. பூனையாக இருக்கும் என்றேன் நான். பூனை முட்டையை உரித்தா தின்னும் என்று கேட்டாள். முட்டை ஓடு ஒரு துண்டுகூடச் சிந்தாமல் தட்டின் ஓரத்தில் கிடந்தது.

அவளுக்குப் பயமே இல்லை. முகம் முழுக்கச் சிரிப்பு. அம்மா வந்து சாப்பிட்டுவிட்டுப் போனாள் என்று தெருவெல்லாம் சொல்லாத குறை. அன்று விற்க வைத்திருந்த நெம்மில் பாதியைப் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்குச் சும்மா கொடுத்தாள்.

வருடா வருடம் இப்படியே. 1974-ல் முக்காலியைத் தொட்டுப் பார்த்தாள், சூடாக இருந்தது. யாரோ அப்போதுதான் எழுந்து போன சூடு. இன்னொரு வருடம் அறையில் மண்ணெண்ணெய் வாசனை. எங்கள் யார் வீட்டிலும் அப்போது மண்ணெண்ணெய் விளக்கு கிடையாது. 1977-ல் உள்ளேயிருந்து இருமல் சத்தம். பெந்தா கடிகாரத்தைப் பார்த்தாள். பன்னிரண்டு பத்து. அதற்குப் பிறகு ஒவ்வொரு வருடமும் கவனித்தோம். அதே பன்னிரண்டு பத்துக்குத்தான் முக்காலி லேசாக முனகும்.

1980-ல் அவளால் பொறுக்க முடியவில்லை. திரைக்குப் பின்னால் போய் நின்றுகொண்டு, விரலால் ஓரத்தை விலக்கிப் பார்த்தாள்.

முக்காலியில் ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். திரைக்கு முதுகு காட்டி. கறுத்த கொண்டை. அதற்குக் கீழே பிடரி...

பெந்தா வாயைப் பொத்திக்கொண்டு வெளியே வந்தாள். அழுதாள். அது அவள் அம்மாதான். அந்தப் பிடரியை எங்கே பார்த்தாலும் அவளுக்குத் தெரியும். அதற்குப் பிறகு ஒவ்வொரு வருடமும் அந்தப் பத்து நிமிடம் திரைக்குப் பின்னால்தான் நிற்பாள். முகத்தை ஒருமுறை திருப்ப மாட்டாளா என்று காத்திருப்பாள். திரும்பியதே இல்லை.

1985-ல்தான் விஷயம் மாறியது. அந்த வருடம் படையல் முடிந்த சாயங்காலம் பெந்தா எங்கள் வீட்டுக்கு வந்தாள். என் அம்மா புதினா ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"சித்தி, அம்மாவுக்கு வயசாகுது போல," என்றாள் பெந்தா, சாதாரணமாக. "போன வருஷமே காதுக்கு மேல நரை தெரிஞ்சது. இந்த வருஷம் பாதித் தலை வெள்ளை."

என் அம்மாவின் கை அப்படியே நின்றது. புதினாவைக் கீழே வைத்தாள்.

"செத்தவங்களுக்கு நரைக்காதுடி," என்றாள். "இருபத்தேழு வயசுல போனவ இருபத்தேழு வயசாவேதான் வருவா. இது உங்கம்மா இல்ல. போக்கிடம் இல்லாத ஏதோ ஒண்ணு. உங்கம்மா இடத்துல உக்காந்து அவ சோத்தைத் தின்னுட்டு இருக்கு."

பெந்தா அந்தப் புதினாவை எடுத்து ஆயத் தொடங்கினாள். பிறகு மெதுவாகக் கேட்டாள். "அப்படின்னா எங்கம்மா பதினாறு வருஷமா பட்டினியா, சித்தி?"

என் அம்மா படையலை நிறுத்திவிடு என்று மட்டும் சொன்னாள். அடுத்த வருடமே அவளும் போய்ச் சேர்ந்தாள். பெந்தா நிறுத்தவில்லை. ஆனால் அவள் தூக்கம் போய்விட்டது. ஆள் பாதியாகிவிட்டாள். பொரிக்கிற நெம்மைக் கருகவிட்டாள். யாருக்குச் சோறு போட்டுக்கொண்டிருக்கிறோம் என்கிற ஒரே கேள்விதான். உள்ளே ஏதோ ஒன்று உட்கார்ந்து தின்ன, வாசலுக்கு வெளியே அம்மா பசியோடு நிற்கிறாள் என்று கனவு கண்டு கத்துவாள்.

1987-ல் என்னைக் கூப்பிட்டாள். இந்த முறை உள்ளேயே, முக்காலிக்கு எதிரில் உட்காரப் போகிறேன் என்றாள். நான் கெஞ்சிப் பார்த்தேன், திட்டிப் பார்த்தேன்.

"மூஞ்சியப் பாத்தா தெரிஞ்சிடும்," என்றாள். "அம்மாவா, இல்லையான்னு."

பார்த்தே இராத முகத்தை வைத்து எப்படித் தெரியும் என்று கேட்டேன்.

"என் மூஞ்சில அப்பா இல்லாத பாதி எதுன்னு எனக்குத் தெரியாதா?"

நான் முற்றத்தில், அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். ஏதாவது என்றால் ஓடி வருகிறேன் என்று வீரமாகச் சொன்னேன். கையில் எண்ணெய்க் கரண்டியையும் எடுத்து வைத்துக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமையோ சனிக்கிழமையோ இல்லை, சாதாரண வேலை நாள். நல்ல வெயில். புழுதிக்காற்று. பக்கத்து வீட்டில் தினை இடிக்கிற உலக்கைச் சத்தம். தெருவில் யாரோ ஒருத்தி மீன்காரியோடு சண்டை பிடித்துக்கொண்டிருந்தாள். பயப்படுவதற்கு ஏற்ற வேளையே இல்லை அது.

பன்னிரண்டு மணி. பெந்தா ஊதுவத்தியைக் கொளுத்தினாள். பெயரைச் சொல்லி ஒரு தடவை கூப்பிட்டாள். எனக்கும் கேட்டது. பிறகு படையல் பலகைக்கு இந்தப் பக்கம், பாயில் உட்கார்ந்தாள். எதிரில் காலி முக்காலி. இனி உள்ளே நடந்தது அவள் சொன்னது.

பன்னிரண்டு நாலு. ஒன்றும் இல்லை. சோற்றிலிருந்து ஆவி போய்க்கொண்டிருந்தது. ஜன்னல் வழியாக விழுந்த வெயில் பாயின் பாதியைப் பிடித்திருந்தது.

பன்னிரண்டு ஏழு. உலக்கைச் சத்தம் நின்றது. நான் முற்றத்தில் இருந்தேன், எனக்கு நிற்கவே இல்லை. அவளுக்கு நின்றது. மீன்காரியின் குரலும் போய்விட்டது. அதற்குப் பதில் வேறொரு சத்தம். கூரையில் மழை பெய்கிற சத்தம்.

எங்கள் ஊரில் மார்ச் மாதம் மழை பெய்யாது. ஜூலை வர வேண்டும்.

பன்னிரண்டு ஒன்பது. மண்ணெண்ணெய் வாசனை. முதலில் லேசாக. பிறகு தொண்டையை அடைக்கிற மாதிரி.

ஒரு இருமல். வாசலிலிருந்து இல்லை. அலமாரி இருந்த சுவர்ப் பக்கத்திலிருந்து...

பன்னிரண்டு பத்து.

அவள் வந்தாள். குள்ளமான கிழவி. கறுப்புக் கால்சட்டை, பழுப்பு மேல்சட்டை. தோளெல்லாம் மழைத் துளி. ஒரு கையில் சின்ன விளக்கு. இன்னொரு கையை அதன் சுடருக்கு மறைப்பாகக் குவித்துப் பிடித்திருந்தாள், காற்றில் அணைந்துவிடாதபடி.

நடுப்பகல் வெயிலில் விளக்கு.

விளக்கைப் பலகையில் வைத்தாள். உட்கார்ந்தாள். முக்காலி முனகியது. முகம் இன்னும் குனிந்தே இருந்தது. நரைத்த தலைதான் தெரிந்தது.

பெந்தா பேசவில்லை. பேசக் கூடாது. நகத்தைத் தொடையில் அழுத்திக்கொண்டாள்.

மெதுவாக... அந்தத் தலை நிமிர்ந்தது.

பெந்தாவின் முகம்தான். பெந்தாவின் கண், பெந்தாவின் கன்னத்து எலும்பு. கண்ணாடியில் அவள் தேடிய மிச்சப் பாதி. ஆனால் அறுபது வயது. சுருக்கம். பல் போன வாய். வெயில் ஒரு பக்கம் அடிக்க, முகத்தில் மட்டும் கீழேயிருந்து விளக்கு வெளிச்சம்.

அது அவளைப் பார்த்தது. நேராக. கண் அகலமாக விரிந்தது.

உதடு திறந்தது. ஏதோ சொல்ல வந்து, சொல்லாமல் மூடிக்கொண்டது.

பன்னிரண்டு பன்னிரண்டு. குச்சிகளை எடுத்தது. மீனில் முள்ளில்லாத வயிற்றுப் பக்கமாகப் பார்த்து ஒரு துண்டைப் பிய்த்தது. மீன் நீரில் தோய்த்தது.

தன் வாய்க்குக் கொண்டுபோகவில்லை.

நீட்டியது.

பெந்தாவின் வாய்க்கு நேராக.

கிட்டே... இன்னும் கிட்டே...

வாங்கிடாதே. வாயில பட்டாலே போதும்.

உதட்டில் ஈரம் பட்டது.

அலறல் தெரு முழுக்கக் கேட்டது. நான் எழுந்திருப்பதற்குள் திரையைக் கிழித்துக்கொண்டு பெந்தா வெளியே வந்து விழுந்தாள். வாயைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். உதடு வெடித்து ரத்தம் வரும்வரை தேய்த்தாள். அவள் தோளைப் பிடித்துத் தூக்கினேன். என் கையெல்லாம் நனைந்தது. அவள் சட்டையின் முன்பக்கம் துளித்துளியாக ஈரம். வியர்வை இல்லை. குளிர்ந்த தண்ணீர். இதை நான் தொட்டுப் பார்த்தேன், என் கையால்.

உள்ளே எட்டிப் பார்த்தேன். பலகை கவிழ்ந்து கிடந்தது. சோறு சிதறிக் கிடந்தது. முக்காலி நனைந்திருந்தது. அறையில் யாரும் இல்லை. சுவர்க் கடிகாரம் பன்னிரண்டு பதின்மூன்று காட்டியது.

அன்று சாயங்காலம் மோமாருக்கு எல்லாவற்றையும் சொல்லும்படி ஆயிற்று. அவன் கோபித்துக்கொள்வான் என்று நினைத்தோம். முகம் வெளுத்துப்போய்க் கட்டிலில் உட்கார்ந்துவிட்டான். "இத்தனை வருஷமா நம்ம வீட்ல இன்னொரு ஆள் சாப்பிட்டிருக்கு. எனக்குத்தான் தெரியல," என்றான். மறுநாள் ஓதிக் கட்டுகிறவர் ஒருவரைக் கூட்டிவந்தான். அவர் மூலைக்கு மூலை தண்ணீர் தெளித்தார். பலகையை உடைத்தார்கள். கிண்ணத்தையும் குச்சிகளையும் கடலில் போட்டார்கள்.

அது அம்மா இல்லை என்று பெந்தா முடிவு செய்துவிட்டாள். அம்மா முகத்தை மாட்டிக்கொண்டு அவளைக் கூட்டிப்போக வந்த ஏதோ ஒன்று. பெற்றவள் பிள்ளையை அந்தப் பக்கம் இழுப்பாளா? அதற்குப் பிறகு படையல் வைக்கவில்லை. அந்தத் தேதி வந்தால் பிள்ளைகளையும் இழுத்துக்கொண்டு மோமாரின் தங்கை வீட்டுக்குப் போய்விடுவாள். பன்னிரண்டு மணிக்குக் கூட்டத்துக்கு நடுவில் உட்கார்ந்திருப்பாள். ஒன்றும் நடக்கவில்லை. வருடங்கள் போயின. நாங்களும் மெல்ல மறக்கப் பார்த்தோம்.

1996-ல் வியட்நாமிலிருந்து நெல் விவசாயம் சொல்லிக்கொடுக்கச் சில நிபுணர்கள் எங்கள் நாட்டுக்கு வந்தார்கள். அதில் கங் என்று ஒருவர். நாக்கு செத்துப்போய் நெம்மைத் தேடி வந்தவர், பெந்தா வீட்டு முற்றத்தில் உட்கார்ந்து பதினொன்று தின்றார். புதினா போதாது என்று குறை வேறு. கேட்கக் கேட்க, அவரும் ஹைபோங் பக்கத்துக்காரர் என்று தெரிந்தது. அம்மாவை எங்கே புதைத்தார்கள் என்றாவது தெரிந்தால் போதும் என்றாள் பெந்தா. சண்டைக் காலத்துப் பேச்சு, கிடைப்பது கஷ்டம் என்றார் அவர். இருந்தாலும் பெயரையும் தெருவையும் எழுதிக்கொண்டு போனார்.

மறுவருடம் பிப்ரவரியில் கடிதம் வந்தது. எழுதியவர் பெயர் வின். ஹைபோங்கில் சைக்கிள் பழுது பார்க்கிறவராம். நான் உங்கள் தம்பி, ஒரே வயிறு, அப்பா வேறு என்று ஆரம்பித்திருந்தார்.

பெந்தாவுக்கு அந்த எழுத்து தெரியாது. எனக்கு என் அம்மா கற்றுக்கொடுத்திருந்தாள். முற்றத்தில் உட்கார்ந்து, எழுத்துக்கூட்டி வாசித்துச் சொன்னேன். அவள் எதிரில் நெம் சுருட்டிக்கொண்டே கேட்டாள்.

அம்மா போன ஆகஸ்டில் காலமானாள் என்று எழுதியிருந்தது.

பெந்தா சுருட்டுவதை நிறுத்தினாள். "எந்த ஆகஸ்டு?"

"போன ஆகஸ்டு."

"வருஷத்தப் பாருடி."

பார்த்தேன். மூன்று தடவை பார்த்தேன். 1996.

கப்பல் கிளம்பிய அன்று காலராவில் யாரும் சாகவில்லை. அன்று காலை சார்ஜன்ட் தோம் வீட்டுக்குப் போயிருக்கிறார். குழந்தை ராணுவ ஆஸ்பத்திரியில் காலராவில் செத்துவிட்டது, தொற்று என்பதால் எரித்துவிட்டார்கள் என்று சொல்லியிருக்கிறார். ஒரே பொய். அதை இரண்டு பேரிடமும் ஒரே நாளில் சொல்லியிருக்கிறார். அந்த மனிதர் எற்றிய கிண்ணம் அப்போது எனக்கு ஞாபகம் வந்தது. செத்தவரைத் திட்டக் கூடாது என்பார்கள். நான் திட்டினேன்.

கடிதம் நீளமாக இருந்தது. இரண்டாம் மாதம் தேய்பிறை நாலாம் நாள், இருட்டும் நேரம், ஏழு மணி சுமாருக்கு, அம்மா செத்துப்போன மூத்த மகளுக்குப் படையல் போடுவாள் என்று வின் எழுதியிருந்தார். விளக்கை எடுத்துக்கொண்டு பின்கட்டுக்குத் தனியாகப் போவாள். மகள் வருகிறாள் என்பாள். வளர்ந்துகொண்டே வருகிறாள், சுவரில் விழும் நிழலைப் பார்த்தால் இப்போது என்னைவிட உயரம் என்பாள். செத்த பிள்ளை எப்படி வளரும் என்று நாங்கள் கேலி செய்வோம். கிட்டே மட்டும் வர மாட்டேன் என்கிறாள், எனக்குப் பின்னால் ஒரு திரைக்கு அந்தப் பக்கமே நிற்கிறாள், திரும்பிப் பார்த்தால் பயந்து போய்விடுவாளோ என்று நானும் திரும்புவதில்லை என்பாள்.

நான் கடிதத்தை மடியில் வைத்தேன். பெந்தா வாசி என்று தலையசைத்தாள்.

ஒரு வருடம் எதிரிலேயே வந்து உட்கார்ந்தாளாம். அம்மா அன்று அழுதுகொண்டே சிரித்தாளாம். பேசினால் போய்விடுவாள் என்று பேசவில்லை. நல்ல துண்டாகப் பார்த்து மீனை எடுத்து ஊட்டப் போனாள். பிள்ளை தன்னைப் பார்த்து அலறிக்கொண்டு ஓடிவிட்டாளாம். பிறகு வரவே இல்லை. அக்கா, உங்களுக்கு ஏதாவது தெரியுமா என்று வின் கேட்டிருந்தார்.

யோசித்துப் பாருங்கள். அன்று அந்த அறையில் செத்தவர்கள் யாருமே இல்லை.

பெந்தா எழுந்து உள்ளே போனாள். கதவைச் சாத்திக்கொண்டாள். இரண்டு நாள் வெளியே வரவில்லை. மூன்றாம் நாள் வந்து, வேறு ஏதாவது எழுதியிருந்ததா என்று கேட்டாள். இல்லை என்று சொன்னேன். இன்றைக்கும் கேட்டால் இல்லை என்றுதான் சொல்வேன்.

கடைசியில் நாலு வரி இருந்தது. அதை நான் அவளுக்கு வாசிக்கவில்லை.

"என் முகம் அவ்வளவு பயங்கரமாவா இருக்குன்னு அம்மா என்னைக் கேட்டாங்க. அதுக்கப்புறம் சாகிற வரைக்கும், ஒன்பது வருஷம், படையல் வைக்கறதை விடல. ஆனா அந்த நாள்ல மட்டும் விளக்கை எடுத்துட்டுப் போக மாட்டாங்க. முகம் தெரிஞ்சா பிள்ளை பயப்படுவான்னு, அந்த இருட்டுலயே உக்காந்து காத்திருப்பாங்க."